மதாம் அழைத்த விருந்தாளி

போனில் மதாம் பேசியதெல்லாம் ஒரே வாக்கியம்தான். "இரு தம்பி, நேர்ல வரேன்." சொல்லிவிட்டு வைத்துவிடுவார். நாளைக்கு எத்தனை பேருக்குச் சாப்பாடு என்று கேட்கத்தான் நான் கூப்பிட்டிருப்பேன். பத்து பேர் என்று போனிலேயே சொன்னால் முடிந்துபோகிற சமாசாரம். அதற்கு மத்தியான வெயிலில் குடை பிடித்து நடந்து வந்து, என் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, ஒரு தம்ளர் தண்ணீர் வாங்கிக் குடித்து, என் மூஞ்சியை ஒரு தடவை நன்றாகப் பார்த்துவிட்டுத்தான் "பத்து பேர்" என்பார். எனக்கு எரிச்சல் எரிச்சலாக வரும்.

பாண்டிச்சேரியில், கால்வாய்க்கு மேற்கே, எங்கள் தாத்தா கட்டின பழைய வீட்டை அறை அறையாகத் தடுத்து விடுதி நடத்துகிறேன். மதாம் அரசுப் பள்ளியில் பிரெஞ்சு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். படித்த பிள்ளைகள் மதாம் என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு, பால்காரர், மீன்காரி, போஸ்ட்மேன் எல்லாருக்கும் மதாம் ஆகிவிட்டார். அவர் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. ஒரு காலத்தில் அந்தப் பெயரைப் போட்டு வாட்ஸப்பில் கண்டவனும் கண்டதை எழுதினான், அது போதும். போன ஐப்பசி மழையில், மூலக்குளத்தில் ஒரு சின்ன ஃபிளாட்டில் செத்துப்போனார். அடக்கத்துக்கு வந்தவர்கள் ஒரு வேனில் அடங்கிவிட்டார்கள். அந்தக் கோபம் எனக்கு இன்னும் தணியவில்லை.

அவர் செய்த வேலை இதுதான். வருடத்துக்கு ஒரு முறை, மழை விட்ட பிறகு, இந்தியாவிலிருந்தும் பாகிஸ்தானிலிருந்தும் சிலரைக் கூட்டிவந்து என் விடுதியில் ஒரு வாரம் உட்கார வைப்பார். ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்கள், டாக்டர்கள், வக்கீல்கள், மீனவர் சங்கத்து ஆட்கள். இரண்டு நாடும் சண்டை போடாமல் இருக்க என்ன செய்யலாம் என்று பேசுவார்கள். பெரிய பெரிய விஷயமெல்லாம் இல்லை. கடலில் எல்லை தெரியாமல் தாண்டிவிடும் மீனவர்களை இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டுபோய் வருடக்கணக்கில் ஜெயிலில் போடுகிறார்களே, அப்படிப் போடாமல் அங்கேயே படகைத் திருப்பி அனுப்பிவிட்டால் என்ன என்பதுதான் அவர்கள் வருடா வருடம் பேசியது. இந்த ஒன்றை இரண்டு அரசாங்கமும் ஒத்துக்கொண்டால் அடுத்ததை ஒத்துக்கொள்ளும் என்று மதாம் நம்பினார்.

"இவங்க பேசி யாரு கேக்கப் போறாங்க மதாம்?" என்று ஒரு தடவை வாய்விட்டே கேட்டுவிட்டேன்.

"கேக்க மாட்டாங்க தம்பி. ஆனா என்னிக்காவது கேக்கணும்னு தோணும்ல. அன்னிக்கு ஒருத்தர ஒருத்தர் மூஞ்சி தெரிஞ்ச ஆளு நாலு பேராவது ரெண்டு பக்கமும் இருக்கணும்."

மூஞ்சி. அவருக்கு எல்லாமே மூஞ்சிதான். நேரில் பார்த்துவிட்ட மனுஷனை வெறுக்க முடியாது என்பது அவர் கட்சி. சின்ன வயதில் மேல்படிப்புக்கு ஸ்த்ராஸ்பூர் போயிருந்தாராம். ஆற்றுக்கு இந்தப் பக்கம் பிரான்சு, அந்தப் பக்கம் ஜெர்மனி. "அந்த ஆத்துல எவ்ளோ ரத்தம் ஓடியிருக்கும் தம்பி. நான் பாக்கறப்போ ஒரு கிழவன் பையத் தூக்கிக்கினு பாலத்துல அந்தப் பக்கம் போறான். எதுக்குன்னு கேட்டா, அங்க சிகரெட்டு வெல கம்மியாம்" என்பார். நம்ம ஊருக்கு பிராந்தி வாங்க வருகிற மாதிரியா என்று கேட்டேன். அதேதான், அதேதான் என்று கண்ணில் தண்ணீர் வருகிற வரைக்கும் சிரித்தார். அந்தக் கிழவனை அவர் கடைசிவரைக்கும் விடவில்லை. எந்தக் கூட்டம் ஆரம்பித்தாலும் சிகரெட் வாங்கப் போன கிழவனிடமிருந்துதான் ஆரம்பிப்பார்.

சண்டைக்காரர்களைச் சேர்த்து வைக்க அவரிடம் ஒரு வழி இருந்தது. காரப்பொடி மீன். கையகலம்கூட இல்லாத மீன், உடம்பு பூராவும் முள். எனக்கும் பக்கத்து விடுதிக்காரருக்கும் ஏ.சி. பெட்டி தொடர்பாக வருடக்கணக்கில் பேச்சுவார்த்தை கிடையாது. அவர் பெட்டியின் சூடு முழுக்க என் ஜன்னலுக்குள் வரும். மதாம் எங்கள் இரண்டு பேரையும், ஒருவருக்கு மற்றவர் வருவது தெரியாமல், வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டார். எதிரெதிரே உட்கார வைத்து இலையில் காரப்பொடிக் குழம்பை ஊற்றினார். எழுந்து போகலாம் என்றால் கையெல்லாம் குழம்பு. திட்டலாம் என்றால் வாயில் முள். "முள்ளு மீன் திங்கறவன் சண்டை போட முடியாது. போட்டா தொண்டையில மாட்டிக்கும்" என்று சொல்லிக்கொண்டே இன்னும் இரண்டு மீன் வைத்தார். ஒரு மணி நேரம் முள் எடுத்தோம். கடைசியில் பக்கத்து விடுதிக்காரர், "உங்க ஜன்னலுக்கு நேரா இருக்கிறது எனக்குத் தெரியாதுங்க" என்றார். பச்சைப் பொய். ஆனாலும் பெட்டியைத் திருப்பி வைத்தார்.

கூட்டத்துக்கு வருகிறவர்களுக்கும் முதல் நாள் அதே மீன்தான். அதோடு விட மாட்டார். எங்கள் பக்கத்துக் கர்னல் ஒருத்தரும் அந்தப் பக்கத்து பிரிகேடியர் ஒருத்தரும் ஒரே போரில் எதிரெதிரே நின்றவர்கள். அவர்கள் இரண்டு பேரையும் ஒரே குளியலறையைப் பங்குபோட்டுக்கொள்ளும் இரண்டு அறைகளில் போடச் சொன்னார். வேண்டாம் மதாம், கெட்ட பேர் எனக்குத்தான் வரும் என்று தலைபாடாக அடித்துக்கொண்டேன். கேட்கவில்லை. முதல் நாள் வெந்நீருக்குச் சண்டை. இரண்டாம் நாள் கதவைத் தட்டிச் சண்டை. வாரம் முடிவதற்குள் பிரிகேடியர் குளித்துவிட்டு வரும்போது கர்னலுக்கு ஒரு வாளி வெந்நீர் பிடித்து வைத்துவிட்டு வந்ததை நானே பார்த்தேன். ஒத்துக்கொள்கிறேன், அன்றைக்கு நானும் கொஞ்சம் நம்பினேன்.

ஆனால் அந்தப் பிடிவாதத்தில் பயப்படுகிற மாதிரியும் ஏதோ இருந்தது. மதாமின் அண்ணன் பாரீசில் இருந்தார். சொத்துத் தகராறில் இரண்டு பேருக்கும் பேச்சு நின்றுபோயிருந்தது. அண்ணன் சாகக் கிடக்கிறார் என்று அவர் மகள் வீடியோ காலில் கூப்பிட்டாள். அப்போது நான் மதாம் வீட்டில்தான் இருந்தேன். "அப்பா உங்களப் பாக்கணும்ங்கறாரு அத்தை, இதோ காட்டறேன்" என்றாள். மதாம் போனைக் கவிழ்த்து வைத்துவிட்டார். "இதுல வேணாம். நான் வரேன்னு சொல்லு. நேர்ல வந்து பேசிக்கறேன்." விசா கிடைத்த வாரத்தில் அண்ணன் போய்விட்டார். இந்தம்மாவுக்கு என்ன பைத்தியமா என்று எனக்குத் தோன்றியது. அவர் அழவில்லை. "தப்புப் பண்ணிட்டேனா தம்பி?" என்று மட்டும் கேட்டார். நான் இல்லை என்று சொன்னேன். வேறு என்ன சொல்ல?

காரப்பொடியைக் கொண்டுவந்து கொடுத்தவள் அஞ்சலை. பிள்ளைச்சாவடியிலிருந்து ஷேர் ஆட்டோவில் மீன் கூடையோடு டவுனுக்கு வருவாள். இங்கே கடலில் மீன் குறைந்துபோய், அவள் புருஷன் குஜராத்துக்குப் போய் அங்கத்து விசைப்படகில் கூலிக்குச் சேர்ந்தான். அந்தப் படகு எல்லையைத் தாண்டிவிட்டது என்று பாகிஸ்தான்காரர்கள் பிடித்து, படகில் இருந்த எல்லாரையும் கராச்சி ஜெயிலில் போட்டார்கள். மதாம் வீட்டு வாசலில் மீனை நறுக்கிக்கொண்டே இதை அஞ்சலை சொன்னபோது அவள் புருஷன் உள்ளே போய் இரண்டு தீபாவளி ஆகியிருந்தது.

மதாமின் கூட்டத்துக்கு வருகிறவர்களில் கராச்சி வக்கீல் ஒருத்தர் இருந்தார். உயரமாக, ஒல்லியாக, தோளில் துணிப்பையோடு, எப்போதும் பையில் பிஸ்கட் வைத்திருக்கிற சர்க்கரை நோயாளி. நம் மீனவர்களுக்காக அந்த ஊர் கோர்ட்டில் சம்பளம் வாங்காமல் வாதாடுகிற மனுஷன். அதற்காக அவரை அவர் ஊரிலேயே நாலு பேர் ஏசினார்கள். அஞ்சலை புருஷனின் கேஸை மதாம் அவரிடம் ஒப்படைத்தார். வக்கீல் மாதா மாதம் ஜெயிலுக்குப் போய் அவனைப் பார்த்தார். நம் தூதரகத்திலிருந்து இவன் இந்தியன்தான் என்று ஒரு காகிதம் வந்தால் போதும், அடுத்த தடவை விடும்போது வெளியே வந்துவிடுவான் என்று சொல்லி அனுப்பினார்.

அந்த வருடம் கூட்டத்துக்கு வக்கீல் வந்தபோது முகமே வேறு மாதிரி இருந்தது. படகைக் கடலிலேயே திருப்பி அனுப்புகிற யோசனையை அவர்கள் பக்கத்தில் ஒரு பெரிய அதிகாரி கேட்டு வாங்கிப் படித்திருக்கிறாராம். நம் பக்கத்திலும் யாரோ படித்திருக்கிறார்கள் என்று கர்னல் சொன்னார். சும்மா ஒரு வருடம் செய்து பார்க்கலாம் என்கிற அளவுக்குப் பேச்சு வந்திருந்தது. மதாம் அன்றைக்குச் சாப்பிடவே இல்லை. சந்தோஷத்தில் அவருக்குப் பசிக்காது.

மறுநாள் காலையில், "அஞ்சலையப் பாக்க வக்கீல் சாரைக் கூட்டிக்கினு போறேன். நீயும் வா, உனக்கு இந்தி தெரியும்" என்றார். நான் பம்பாயில் ஓட்டல் வேலை பார்த்தவன்.

"எதுக்கு மதாம் அவ்ளோ தூரம்? அந்தப் பொண்ணு நாளைக்கு மீன் கொண்டாரும். இல்லன்னா வீடியோ கால்ல பேச வைக்கலாம்" என்றேன்.

"அவ புருஷனப் பாத்துட்டு வந்த கண்ணு அது தம்பி. அவ வீட்டுல போய் அவ முன்னாடி உக்காரணும். போன்ல வேணாம்."

போனோம். முத்தியால்பேட்டை தாண்டி, கோட்டக்குப்பம் தாண்டி, கடலோர ரோட்டில் அரை மணி நேரம். அஞ்சலை வீட்டில் வக்கீலுக்குப் பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள். அவர் அதில் உட்காராமல் தரையில் பாயில் உட்கார்ந்தார். இந்தி மாதிரியே இருக்கிற உருதுவில் அவர் சொன்னதை நான் தமிழில் சொன்னேன். புருஷன் நன்றாக இருக்கிறான், இருமல் மட்டும் விடவில்லை, மேற்கு மூலையில் கூரை ஒழுகும், மழைக்கு முன்னால் தார்ப்பாய் போடச் சொன்னான் என்றார்.

அஞ்சலை முந்தானையை வாயில் வைத்து அடக்கினாள். பிறகு அழுகையும் சிரிப்புமாக, "ஒழுவுற வூட்ட உட்டுட்டுப் போனது யாராம்? வந்து போடச் சொல்லுங்க அந்த மனுசன" என்றாள். நான் அதை மொழிபெயர்த்ததும் வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மதாம் என் பக்கம் திரும்பி, பாத்தியா என்கிற மாதிரி தலையை ஆட்டினார். நான் பார்த்தேன். அவர் சொன்னது சரிதான் என்று அந்த நிமிஷம் எனக்கும் பட்டது.

திரும்பி வரும்போது வக்கீலுக்கு வேர்த்துக் கொட்டியது. சர்க்கரை இறங்கிவிட்டது. பையில் இருந்த பிஸ்கட்டையெல்லாம் அஞ்சலை வீட்டுப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டிருந்தார். கோட்டக்குப்பத்தில் ஒரு டீக்கடையில் வண்டியை நிறுத்தினோம். சர்க்கரை தூக்கலாக ஒரு டீ. நான் இந்தியில் பேசுவதைக் கேட்டுக் கடைக்காரர் வெளியே வந்தார். எந்த ஊர் என்று கேட்டார். கராச்சி என்றதும் அவர் முகம் பூத்துவிட்டது. துபாயில் பல வருடம் வேலை பார்த்தவராம். "என் ரூம்ல கூட இருந்தவன் கராச்சிக்காரன்ங்க. எனக்குக் காய்ச்சல் வந்தப்போ அவன்தான் கஞ்சி வச்சிக் குடுத்தான்." டீக்குக் காசு வாங்க மாட்டேன் என்றார். ஒரு செல்பி எடுத்துக்கலாமா என்று கேட்டார்.

மதாமுக்குத் தலைகால் புரியவில்லை. "எடுங்க, எடுங்க. மூஞ்சி நல்லாத் தெரியற மாதிரி எடுங்க" என்று வக்கீலைக் கடைக்கு நேராக நகர்த்தி நிறுத்தினார்.

கடைக்காரர் அதை அன்றைக்கே ஸ்டேட்டஸ் போட்டார். கராச்சி விருந்தாளி என்று எழுதி, ஒரு இதயமும் வைத்திருந்தார். பாவம், அந்த மனுஷன் மனசில் ஒரு கள்ளமும் இல்லை. அதை எவனோ எடுத்து வேறு வாசகம் எழுதி அனுப்பினான். பாகிஸ்தானி ஈ.சி.ஆரில் வேவு பார்க்கிறான், கூட இருக்கும் பெண்மணி யார் என்று. மறுநாள் மத்தியானம் என் விடுதிக்குப் போலீஸ் வந்தது.

வந்த அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். போனில் இருந்த படத்தைப் பெரிதாக்கிக் காட்டினார். வக்கீலின் தலைக்கு மேலே கடையின் போர்டு. கோட்டக்குப்பம், விழுப்புரம் மாவட்டம்.

"பாகிஸ்தான்காரங்களுக்கு ஊர் பேரு போட்டுத்தான் விசா. இவருக்குக் குடுத்தது மெட்ராஸுக்கும் பாண்டிக்கும்தான் மதாம். இது வேற ஊரு."

"நாங்க பிள்ளைச்சாவடிக்குத்தான் போனோம் சார். பிள்ளைச்சாவடி பாண்டிச்சேரிதான?"

"பிள்ளைச்சாவடி பாண்டிச்சேரிதான். நடுவுல இருக்கறது தமிழ்நாடாச்சே."

வெளியூர்க்காரர்களுக்கு இது புரியாது. பாண்டிச்சேரி ஒரே துண்டாக இருக்கிற ஊர் இல்லை. அந்தக் காலத்தில் பிரெஞ்சுக்காரனும் இங்கிலீஷ்காரனும் பிரித்துக்கொண்ட மாதிரியே இன்னும் கிடக்கிறது. கொஞ்ச தூரம் பாண்டி, கொஞ்ச தூரம் தமிழ்நாடு, மறுபடியும் பாண்டி. எங்களுக்கு அது சாராயக்கடை போர்டிலும் பெட்ரோல் விலையிலும் மட்டும்தான் தெரியும். பிறந்ததிலிருந்து அந்த ரோட்டில் போய்க்கொண்டிருக்கிறோம். விசாவில் எழுதின ஊரை வரிக்கு வரி படித்து, போலீசில் போய் முறையாகப் பதிவு செய்து, ஒரு சின்னத் தப்பு வராமல் பார்த்துக்கொண்ட மதாமுக்குக் கோட்டக்குப்பம் இன்னொரு மாநிலம் என்பது தோன்றவே இல்லை. எனக்கும் தோன்றவில்லை. டிரைவருக்கும் தோன்றவில்லை. வந்திருந்த அதிகாரியின் வீடே கோட்டக்குப்பத்தில்தான் இருந்தது.

"ஒரு டீ சார். அவருக்கு மயக்கம் வந்துடுச்சி" என்றார் மதாம்.

"வண்டி நிக்காமப் போயிருந்தா நானே எதாவது எழுதிச் சமாளிச்சிருப்பேன் மதாம். எறங்கிட்டாரே. படம் வேற ஊரெல்லாம் சுத்துது. மேல இருந்து கேக்கறாங்க."

மறுநாளே வக்கீலை ஏர்போர்ட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். இனிமேல் அவர் இந்தியாவுக்குள் வர முடியாது. கடல் எல்லையைத் தெரியாமல் தாண்டினவர்களுக்காக ஆயுசு பூராவும் வாதாடின மனுஷன், ஒரு டீ குடிக்கப்போய் எல்லை தாண்டினவர் ஆனார். இதை நினைத்தால் எனக்குச் சிரிப்பு வருவதில்லை, வயிறு எரிகிறது. போகும்போது அவர் மதாமின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, அஞ்சலையிடம் சொல்லுங்கள், நான் மாதா மாதம் அவனைப் போய்ப் பார்ப்பேன் என்றார்.

அவரால் பார்க்க முடியவில்லை. சில மாதம் கழித்து அவர் மகள் துபாயிலிருந்து ஒரு சேதி அனுப்பினாள். இந்தியா ஏன் உன்னைத் துரத்தியது, அங்கே யாரைப் பார்த்தாய், என்ன கொடுத்தாய் என்று அவர்கள் ஊரிலும் விசாரணையாம். இந்தியக் கைதிகள் பக்கமே போகக்கூடாது என்று சொல்லிவிட்டார்களாம். அப்பாவுக்கு இனிமேல் எழுத வேண்டாம் என்று முடித்திருந்தாள். படகைத் திருப்பி அனுப்புகிற யோசனையைப் படித்த அந்த அதிகாரியும், நம் பக்கத்தில் படித்த அந்த யாரோவும், படித்ததையே மறந்துபோனார்கள்.

பிறகு எல்லையில் சண்டை மூண்டது. என் ஆபீஸ் அறை டிவியில் மதாமும் நானும் பார்த்துக்கொண்டிருந்தபோது நம் கர்னல் திரையில் வந்தார். பிரிகேடியர் பிடித்து வைத்த வெந்நீரில் குளித்த அதே கர்னல். அந்த நாட்டையே வரைபடத்தில் இல்லாமல் செய்ய வேண்டும் என்று மேசையைத் தட்டிக் கத்தினார். நான் ரிமோட்டை எடுத்தேன். "இருக்கட்டும் தம்பி" என்று மதாம் முழுவதையும் பார்த்தார். "இவரு நடிக்கல. நெசமாத்தான் சொல்றாரு" என்றார். அவர் குரல் உடைந்து நான் கேட்டது அன்றைக்குத்தான்.

அதற்குப் பிறகு கூட்டம் கிடையாது. டவுன் வீட்டை விட்டு மூலக்குளத்துக்குப் போனார். மாதத்துக்கு ஒரு தடவை பிள்ளைச்சாவடிக்குப் போவதை மட்டும் விடவில்லை. சொல்ல ஒரு சேதியும் இருக்காது. போய் அஞ்சலை முன்னால் உட்கார்ந்துவிட்டு வருவார். அஞ்சலையின் மாமியார் ஒருநாள் முகத்துக்கு நேராகவே கேட்டாள்: "அந்த ஆள இங்க இட்டுக்கினு வராம இருந்திருந்தா எம் புள்ள இந்நேரம் வூட்டுல இருப்பான்ல?" அஞ்சலை, "சும்மா இரு அத்தை" என்று அடக்கினாள். மதாம், "அவங்க கேக்கறது நியாயம்தான்" என்றார்.

சில வருடம் கழித்து அவன் வந்துவிட்டான். இரண்டு அரசாங்கமும் திடீரென்று நல்லெண்ணம் என்று ஒரு கூட்டத்தை விடுவித்ததில் அவனும் இருந்தான். மதாமின் வேலையாலும் இல்லை, யாருடைய வேலையாலும் இல்லை. மதாமுக்கு அப்போதே முட்டிவலி. நான்தான் காரில் கூட்டிக்கொண்டு போனேன்.

தலை முழுக்க நரைத்து, இருமிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மதாமை மீன் வாங்குகிற வீட்டம்மா என்றுதான் அவனுக்குத் தெரியும். மற்றதை அஞ்சலை சொல்லியிருக்கவில்லை, மாமியாரையும் சொல்ல விடவில்லை. அவனாகவே பேசினான்.

"வக்கீல் சாப்னு ஒர்த்தர் வருவாரு. சோப்பு, மாத்திர எல்லாம் கொண்டாருவாரு. அவரு வர்றாருன்னா வார்டருங்க அடிக்க மாட்டானுங்க. இங்க வந்து போனாராமே, அதோட அவர ஜெயிலுக்குள்ள உடலியாம். என் பக்கத்துல கடலூர்ப் பக்கத்துப் பையன் ஒர்த்தன் படுத்திருந்தான். அவனுக்குக் காயிதமெல்லாம் வந்துடுச்சி, சாப் கோர்ட்ல ஒரு தபா நின்னாப் போதும். நிக்க ஆளு இல்ல. காய்ச்சல்ல கிடந்தான். மாத்திர கேட்டுக் கேட்டு ஓஞ்சிட்டோம். நாங்க வெளிய வர்றதுக்குக் கொஞ்ச நாள் முன்னாடி செத்துட்டான்." இருமல் அடங்குகிற வரைக்கும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டான். "எவன் அவர இங்க கூப்ட்டது? இவளக் கேட்டா கவருமெண்ட்டுங்கறா."

"ஆமா, கவர்மெண்ட்தான்" என்றேன் நான்.

"நான்தான் கூப்பிட்டேன்" என்றார் மதாம்.

அஞ்சலை அடுப்படியிலிருந்து வந்து நின்றாள். அவன் மதாமையே பார்த்துக்கொண்டிருந்தான். கத்துவான் என்று நினைத்தேன். கத்தியிருந்தால் எனக்குக்கூட நிம்மதியாக இருந்திருக்கும். அவன் கத்தவில்லை.

"அந்தப் பையனோட அம்மாவுக்கு இன்னும் தெரியாது" என்றான். "பொணம் வரல. ஆபீசருங்க யாரும் சொல்லல போலருக்கு. வெளிய போனா எங்க அம்மாவாண்ட சொல்லுடான்னு என் கையப் புடிச்சிக்கினு சொன்னான். வந்து இத்தினி நாளாச்சி, எனக்குக் காலு வரல. நீங்க போயி சொல்றீங்களா?"

"போறேன்" என்றார் மதாம்.

அன்றைக்கே போனோம். கடலூர் பக்கத்துக் கிராமத்தில் விசாரித்து வீட்டைக் கண்டுபிடித்தோம். காரை விட்டு இறங்கினதுமே அந்த அம்மா வாசலுக்கு ஓடிவந்தாள். மீனவர்களை விடுவித்த செய்தியை டிவியில் பார்த்திருக்கிறாள். வெள்ளைப் புடவையில் ஒரு பெரியம்மா காரில் வந்து இறங்கினால் வேறு எதற்காக இருக்கும் என்று நினைத்திருப்பாள். எங்களைத் தாண்டி ரோட்டை எட்டிப் பார்த்தாள்.

"எம் புள்ள பின்னாடி வண்டில வரானாம்மா?"

மதாம் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அவள் முகத்தையே பார்த்தார். வாயைத் திறந்தார், மூடினார், மறுபடியும் திறந்தார். ஒரு சத்தமும் வரவில்லை. அந்த அம்மா சிரித்த முகத்தோடு காத்துக்கொண்டிருந்தாள்.

கடைசியில் நான்தான் சொன்னேன். தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்.